போட்டிக்கு ஆட, விலை குறைந்த கேமிங் மவுஸை எப்படித் தேர்ந்தெடுப்பது? டிபிஐ அதிகமாக இருப்பதையே வாங்கலாமா?

வேண்டாம். பெட்டியின் மேல் கொட்டை எழுத்தில் போட்டிருந்த டிபிஐ எண்ணை நம்பித்தான் என் முதல் மவுஸை வாங்கினேன். மெதுவாக நகர்த்தும்வரை குறையே தெரியாது. முதுகுக்குப் பின்னால் காலடிச் சத்தம் கேட்டு வெடுக்கென்று திரும்பினால் மட்டும், எதிரியின் மேல் நிற்க வேண்டிய குறி தரையைப் பார்த்துச் சுழன்றுவிடும். என் கைதான் பழகவில்லை என்று நினைத்து வாரக்கணக்கில் பயிற்சி செய்தேன். உண்மையில் அந்த வேகத்துக்கு, மவுஸின் அடியில் இருந்து அசைவைப் படிக்கும் சென்சாரால் ஈடுகொடுக்க முடியவில்லை.

மவுஸ் ஓர் அங்குலம் நகர்ந்தால் கணினிக்கு எத்தனை எண்ணிக்கை போகிறது என்பதுதான் டிபிஐ. துப்பாக்கிச் சுடும் ஆட்டங்களில் தேர்ந்தவர்கள் பெரும்பாலும் 400, 800, 1600 என்ற அளவிலேயே ஆடுகிறார்கள். ஆகவே எண்ணை விட்டுவிட்டுச் சென்சாரின் பெயரைத் தேடுங்கள். பிக்ஸ்ஆர்ட் நிறுவனத்தின் 3360, 3389, 3395 ஆகியவற்றில் ஒன்று இருந்தால் தயங்க வேண்டாம். லாஜிடெக்கின் ஹீரோ சென்சாரும் அப்படியே. பெயரையே சொல்லாத மவுஸை நான் தொடுவதில்லை.

அடுத்தது எடை. வாலரண்ட் என்ற துப்பாக்கிச் சுடும் ஆட்டத்தில் 800 டிபிஐயும் 0.4 சென்சிடிவிட்டியும் (மவுஸ் அசைவுக்குக் குறி எவ்வளவு திரும்ப வேண்டும் என்று ஆட்டத்துக்குள் வைக்கும் அளவு) வைத்தால், ஒரு முழுச் சுற்றுத் திரும்ப மவுஸை ஏறத்தாழ 41 செ.மீ. இழுக்க வேண்டும். இழுத்து, தூக்கி, பழைய இடத்தில் வைத்து, மறுபடி இழுத்து என்று ஓர் ஆட்டத்தில் எத்தனை முறை! ரேசர் வைப்பர் மினி 61 கிராம், லாஜிடெக் ஜி102 85 கிராம். முதல் ஆட்டத்தில் இந்த வித்தியாசம் பெரிதாகத் தெரியாது, ஐந்தாவது ஆட்டத்தில் மணிக்கட்டு சொல்லிவிடும். ஒயர் இல்லாமல்தான் வேண்டும் என்றால் லாஜிடெக் ஜி304 நல்ல தேர்வு. ஆனால் உள்ளே ஏஏ பேட்டரி இருப்பதால் 99 கிராம் வரும். லித்தியம் பேட்டரி போட்டால் சில கிராம் குறையும்.

இவை எல்லாவற்றுக்கும் மேலே நான் வைப்பது வடிவத்தை. உள்ளங்கை முழுவதையும் மவுஸின் மேல் படியவைப்பவருக்கு முதுகு உயர்ந்த, நீளமான மவுஸ் வேண்டும். விரல் நுனிகளால் மட்டும் பிடிப்பவருக்குச் சிறியதும் தட்டையானதுமே வசதி. வைப்பர் மினியும் ஜி102-உம் சிறியவை, பெரிய கைக்கு ஒத்துவராது. முடிந்தால் யாருடைய மவுஸையாவது கேட்டு வாங்கி, அரை மணி நேரம் ஆடிப் பாருங்கள். மோதிர விரலும் சுண்டு விரலும் வைக்க இடம் தேடி அலைந்தால் அது உங்கள் மவுஸ் அல்ல.

போலிங் ரேட், அதாவது மவுஸ் விநாடிக்கு எத்தனை முறை கணினிக்குத் தகவல் அனுப்புகிறது என்பது, 1000 ஹெர்ட்ஸ் போதும். மில்லி விநாடிக்கு ஒரு முறை தகவல் போகிறது. 8000-க்காகக் கூடுதல் பணம் கொடுக்காதீர்கள். அந்தப் பணத்தில் அகலமான துணி மவுஸ்பேட் ஒன்று வாங்குங்கள். 41 செ.மீ. இழுக்க இடம் வேண்டுமே.