அப்பா படிக்க வேண்டிய தாளில் உங்கள் கையெழுத்து எதற்கு?

கேள்வி: என் அப்பாவுக்கு வயது 72. கணையத்தில் புற்றுநோய், கல்லீரலுக்கும் பரவிவிட்டது என்று மூன்று மாதத்துக்கு முன்பு தெரிந்தது. தெரிந்தால் உடைந்துபோவார் என்று நானும் தம்பியும் தாய்மாமாவும் முடிவெடுத்து, 'கணையத்தில் வீக்கம், மருந்து ஏற்றினால் சரியாகிவிடும்' என்று சொல்லி வைத்திருக்கிறோம். முதலில் பார்த்த டாக்டர் ஒத்துழைத்தார். அவர் மாற்றலாகிப் போய், இப்போது வந்திருக்கும் இளம் டாக்டர், 'அவரிடம் பேசாமல் அடுத்த கீமோ ஏற்ற மாட்டேன்' என்கிறார். அப்பா பத்திர எழுத்தராக இருந்தவர், எந்தத் தாளையும் முழுசாகப் படிக்காமல் விடமாட்டார் என்பதால், ஆஸ்பத்திரி ஃபாரம் எல்லாவற்றிலும் நானே கையெழுத்துப் போட்டுச் சமாளித்து வருகிறேன். இந்த டாக்டருக்கு ஈவு இரக்கமே இல்லையா? வெளிநாட்டுப் பழக்கத்தை இங்கே கொண்டுவரலாமா? வேறு ஆஸ்பத்திரிக்கு மாற்றிவிடலாமா?
பெயர் வேண்டாம், தஞ்சாவூர் மாவட்டம்.

பதில்: மாற்ற வேண்டாம். அந்த டாக்டர் சொல்வதுதான் சரி. மூன்று மாதத்துக்கு முன்னாலேயே அவர் வந்திருக்கலாமே என்பதுதான் என் வருத்தம்.

நோயைச் சொல்லலாமா கூடாதா என்று கேட்டு இந்தப் பகுதிக்கு வருகிற கடிதங்கள் எல்லாமே ஏறக்குறைய ஒரே மாதிரிதான் இருக்கும். தாங்கமாட்டார், உடைந்துபோவார், இருக்கிற வரைக்குமாவது நிம்மதியாக இருக்கட்டும். உங்கள் கடிதத்திலும் அது இருக்கிறது. ஆனால் நான் திரும்பத் திரும்பப் படித்தது போகிறபோக்கில் நீங்கள் எழுதிய ஒரு வரியைத்தான். அப்பா பத்திர எழுத்தர், படிக்காமல் விடமாட்டார், அதனால் நானே கையெழுத்துப் போடுகிறேன்.

தம்பி, பத்திர எழுத்தர் என்ன செய்வார் என்று அவர் வீட்டில் வளர்ந்த உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. எழுதிக் கொடுக்க வந்தவர் கைநாட்டாகவே இருந்தாலும் எதிரே உட்கார வைத்து, நான்கெல்லை, விஸ்தீரணம், கைக்கு வந்த தொகை, வில்லங்கம் ஏதும் இல்லை என்பது வரைக்கும் வாசித்துக் காட்டி, புரிந்ததா என்று கேட்டு, அப்புறம்தான் பெருவிரலில் மை தடவச் சொல்வார். கூட வந்த மகன் 'எங்கப்பாவுக்கு ஒண்ணும் புரியாது, நானே போட்டுடறேன்' என்று கையை நீட்டியிருந்தால் உங்கள் அப்பா விட்டிருப்பாரா? அரை சென்ட் நிலத்துக்கே அவ்வளவு. இங்கே அவருடைய உடம்பு, அவர் நரம்பில் ஏறுகிற மருந்து, அவருக்கு மிச்சமிருக்கிற நாட்கள். அதற்கான தாளை அவர் கண்ணிலேயே காட்டாமல் நீங்கள் கையெழுத்துப் போட்டிருக்கிறீர்கள். அதுவும் அவர் படித்துவிடுவார் என்பதற்காகவே போட்டிருக்கிறீர்கள். படித்தால் கேள்வி கேட்பார், நேருக்கு நேர் பதில் சொல்ல வேண்டிவரும், அதைத் தாங்க முடியாதவர் நீங்கள். உங்கள் பயத்தை அப்பா தலையில் கட்டாதீர்கள்.

சட்டமும் உங்கள் பக்கம் இல்லை. 2008-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்ன ஒரு டெல்லி வழக்கு. வயிற்றுக்குள் கருவி விட்டுச் சோதிக்கச் சம்மதித்து மயக்க மருந்து வாங்கிக்கொண்ட ஒரு பெண்ணுக்கு, வெளியே காத்திருந்த அம்மாவிடம் சம்மதம் வாங்கிக் கருப்பையையும் சினைப்பைகளையும் எடுத்துவிட்டார்கள். உடனடியாக உயிருக்கு ஆபத்து இல்லாதபோது, மயக்கம் தெளிந்து எழப்போகிற வயதுவந்த பெண்ணுக்குப் பதிலாகப் பெற்ற தாய் கொடுத்த சம்மதம்கூடச் செல்லாது என்றது நீதிமன்றம். உங்கள் அப்பா மயக்கத்தில்கூட இல்லையே, வீட்டுத் திண்ணையில் பேப்பர் படித்துக்கொண்டிருக்கிறார். ஆஸ்பத்திரிகள் இன்னும் பிள்ளைகளிடம்தான் கையெழுத்து வாங்குகின்றன என்பது எனக்குத் தெரியும். பணம் கட்டுகிறவர் கையெழுத்து அவர்களுக்கு வசதி, அவ்வளவுதான்.

முதல் டாக்டரை நல்லவர் என்ற தொனியில் எழுதியிருக்கிறீர்கள். டாக்டர்களுக்கான 2002-ஆம் ஆண்டு ஒழுக்க விதிகளில், நோயின் கடுமையை மிகைப்படுத்தவும் கூடாது, குறைத்துக் காட்டவும் கூடாது என்று இருக்கிறது. 'வீக்கம்தான் பெரியவரே' என்று சொல்லி அனுப்புவது எந்த டாக்டருக்கும் சுலபம். எதிரே உட்கார்ந்து உள்ளதைச் சொல்லி, அந்த மனுஷர் அழுது தேறுகிற வரைக்கும் எழுந்து போகாமல் இருப்பதற்குத்தான் இரக்கம் வேண்டும். அது இந்த இளம் டாக்டரிடம் இருக்கிறது.

வெளிநாட்டுப் பழக்கமாம். 1961-ல் அமெரிக்காவில் ஒரு ஆஸ்பத்திரி டாக்டர்களைக் கேட்டபோது சுமார் 90 சதவீதம் பேர் புற்றுநோயை நோயாளியிடம் சொல்லாமல் விடுவதையே விரும்பினார்கள். 1979-ல் அங்கே இன்னொரு ஆஸ்பத்திரியில் அதையே கேட்டபோது 97 சதவீதம் பேர் சொல்வதே நல்லது என்றார்கள். அங்கேயும் நோயாளிகள் தாங்கமாட்டார்கள் என்றுதான் நம்பிக்கொண்டிருந்தார்கள், ஒரே தலைமுறையில் மாற்றிக்கொண்டார்கள்.

சரி, அப்பாவுக்கு ஒன்றும் தெரியாது என்று எதை வைத்து நம்புகிறீர்கள்? கீமோ வார்டில் பக்கத்து நாற்காலிக்காரர் 'உங்களுக்கு எந்த இடத்துல?' என்று ஒருநாளும் கேட்டிருக்கமாட்டாரா? முடி கொட்டுவதும், வாசலில் இருக்கிற பலகையும் ஆயுள் முழுக்க எழுத்தோடு வாழ்ந்தவர் கண்ணில் படாமலா போயிருக்கும்? எனக்கென்னவோ அவர் தெரிந்துகொண்டு உங்களுக்காகச் சும்மா இருக்கிறார் என்றே படுகிறது. அப்படியானால் நோயையும் சுமந்துகொண்டு, பிள்ளைகளையும் தேற்றிக்கொண்டு, பேச ஒரு ஆள் இல்லாமல் அவர் தனியாக உட்கார்ந்திருக்கிறார். இத்தனை நீளக் கடிதத்தில் அம்மாவைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. முடிவெடுத்த மூன்று பேரில் அவர் இல்லை. அதுவும் தப்பு.

அப்பாவைக் கடைசிவரை பார்த்துக்கொள்வது பிள்ளைகளின் கடமை, அதில் எனக்கு இரண்டாவது பேச்சே கிடையாது. பணம் கட்டுவது, லீவு போடுவது, ராத்திரியில் கைத்தாங்கலாகப் பாத்ரூமுக்குக் கூட்டிப்போவது எல்லாம் அதில் சேரும். அவருக்குப் பதிலாக முடிவெடுப்பது சேராது. அதற்கு அவர் உங்களுக்குப் பவர் எழுதிக் கொடுக்கவில்லை.

எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டிவிடச் சொல்லவில்லை. 'உங்க உடம்புக்கு என்னன்னு நினைக்கிறீங்கப்பா? முழு விவரமும் தெரிஞ்சுக்கணுமா?' என்று முதலில் கேளுங்கள். 'எனக்கெதுக்குடா அதெல்லாம், நீயே பார்த்துக்கோ' என்று அவராகச் சொன்னால் அதுவும் அவர் உரிமைதான். தெரிய வேண்டும் என்றால் டாக்டர் சொல்லட்டும், நீங்கள் பக்கத்தில் இருங்கள். கீமோவைத் தொடர்வதா நிறுத்துவதா, எங்கே இருப்பது, யாரைப் பார்ப்பது, எந்தக் கணக்கை முடிப்பது, எல்லாம் அவர் சொல்ல வேண்டியது. வலி தணிப்பு சிகிச்சையை இப்போதே கேட்டு வாங்குங்கள், கணையத்து வலி முதுகு வரை பாயும், கடைசி நேரத்துக்கு என்று தள்ளிவைக்காதீர்கள். வென்டிலேட்டர் வேண்டுமா வேண்டாமா என்பதை முன்கூட்டியே எழுதிவைக்க 2018-ல் உச்ச நீதிமன்றம் வழிவிட்டது, 2023-ல் நடைமுறையையும் எளிதாக்கியது. இரண்டு சாட்சிகள், ஒரு நோட்டரி அல்லது கெஜட்டட் அதிகாரி போதும். அந்த வாசகத்தை உங்கள் அப்பாவைவிட நன்றாக யார் எழுதிவிடப் போகிறார்கள்?

டாக்டர் அறைக்கு அப்பாவோடு நீங்களும் அம்மாவும் தம்பியும் போங்கள். மாமா வந்தால் வெளியே பெஞ்சில் உட்காரட்டும், பெரியவர் மனசு கோணுமே என்று இந்த ஒரு விஷயத்தில் விட்டுக்கொடுத்துவிடாதீர்கள்.