ஜெர்ரி வெஸ்ட்: ஆட்டக்காரராகத் தோற்றார், மேலாளராக வென்றார் – கேள்வி பதில்

அமெரிக்கக் கூடைப்பந்து வீரர் ஜெர்ரி வெஸ்ட் 2024 ஜூன் 12 அன்று தமது 86ஆவது வயதில் காலமானார். ஆட்டக்காரர், பயிற்சியாளர், அணியின் பொது மேலாளர் என அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக அந்த விளையாட்டோடு வாழ்ந்தவர் அவர். பள்ளி நாள் முதல் அவரைப் பின்தொடர்ந்து வருபவன் என்பதால், அவரைப் பற்றி வந்த கேள்விகளுக்குப் பதில் எழுதும் பொறுப்பை விரும்பி ஏற்றுக்கொண்டேன்.

என்பிஏ (அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்து லீக்) சின்னத்தில் பந்தைத் தட்டிக்கொண்டு ஓடும் உருவம் இவருடையதுதானா? (மதுரை)

இவருடையதுதான். 1969இல் அதை வடிவமைத்த ஆலன் சீகல், வெஸ்டின் புகைப்படம் ஒன்றைப் பார்த்துத்தான் வரைந்ததாகச் சொல்லியிருக்கிறார். என்பிஏ நிர்வாகம் மட்டும் அதை அதிகாரபூர்வமாக ஒப்புக்கொண்டதே இல்லை. அந்தச் சின்னம் தமக்குச் சங்கடம் தருவதாகவே வெஸ்ட் பேசி வந்தார்.

அவருடைய இளமைக்காலம் எப்படிப்பட்டது? வறுமையில் வளர்ந்தவர் என்று கேள்விப்பட்டேன். (ஈரோடு, கல்லூரி மாணவி)

வறுமையைவிடக் கொடியது அந்த வீட்டில் இருந்தது. 1938இல் மேற்கு வர்ஜீனியாவின் நிலக்கரிச் சுரங்கப் பகுதியில், செலியன் என்ற சிற்றூரில் பிறந்தார். தந்தை அடிப்பவர். அவருக்குப் பயந்து கட்டிலுக்கு அடியில் துப்பாக்கி வைத்துக்கொண்டு தூங்கியதாக வெஸ்ட் 2011இல் வெளியான தமது சுயசரிதையில் எழுதினார். அவர் மிகவும் நேசித்த அண்ணன் டேவிட் 1951இல் கொரியப் போரில் இறந்தபோது இவருக்கு வயது பதின்மூன்று. அதன்பின் யாரோடும் பேசாமல் ஒடுங்கிப்போன சிறுவனுக்கு, பக்கத்து வீட்டுக் கொட்டகையில் அடித்திருந்த கூடை ஒன்றுதான் துணை. மழையிலும் பனியிலும் தனியாக நின்று எறிந்துகொண்டே இருந்தான். மனச்சோர்வு வாழ்நாள் முழுக்க அவரை விடவில்லை. புகழின் உச்சியில் இருந்த ஒருவர் எழுபது வயதுக்குப் பிறகு இதையெல்லாம் வெளிப்படையாக எழுதியதை, அவர் வென்ற எந்தக் கோப்பைக்கும் குறைவாக நான் மதிப்பதில்லை.

1956இல் அவருடைய ஈஸ்ட் பேங்க் பள்ளி மாநிலப் பட்டம் வென்றது. அந்த நாளை நினைவுகூர, பிறகு ஆண்டுக்கு ஒருநாள் பள்ளியின் பெயரையே ‘வெஸ்ட் பேங்க்’ என்று மாற்றிக் கொண்டாடினார்கள்.

ஒன்பது இறுதித் தொடர்களில் எட்டில் தோற்றவரை மாபெரும் வீரர் என்று எப்படிச் சொல்கிறீர்கள்? (பெங்களூரு)

நியாயமான கேள்வி. எப்படித் தோற்றார் என்பதைப் பார்த்தால் பதில் கிடைத்துவிடும்.

1960 ரோம் ஒலிம்பிக்கில் தங்கம் வென்ற கையோடு லேக்கர்ஸ் அணியில் சேர்ந்தார். அணி மினியாபொலிஸிலிருந்து லாஸ் ஏஞ்சலிஸுக்குக் குடிபெயர்ந்த ஆண்டு அது. பதினான்கு சீசன் ஆடினார்; பதினான்கிலும் ஆல் ஸ்டார் (சிறந்த வீரர்கள் மோதும் நட்சத்திர ஆட்டம்) தேர்வு. ஆட்டத்துக்குச் சராசரி 27 புள்ளிகள். 1965இல் பால்டிமோருக்கு எதிரான தொடரில் சராசரி 46.3. ஆனால் இறுதித் தொடரில் எதிரே நின்றது பில் ரஸ்ஸலின் பாஸ்டன் செல்டிக்ஸ். அவர்களிடம் மட்டும் ஆறு முறை தோற்றார்.

1969ஐ மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். இறுதித் தொடரின் ஏழாவது, கடைசி ஆட்டம், சொந்த அரங்கம். வெற்றி உறுதி என்று நம்பிய லேக்கர்ஸ் உரிமையாளர் ஜாக் கென்ட் குக், ஆட்டம் தொடங்கும் முன்பே கூரையில் ஆயிரக்கணக்கான பலூன்களைக் கட்டி வைத்துவிட்டார். ரஸ்ஸலும் தோழர்களும் அண்ணாந்து பார்த்தார்கள்; அதற்குமேல் அவர்களுக்கு வேறு ஊக்கம் தேவைப்படவில்லை. தொடைத் தசைக் காயத்தோடு ஆடிய வெஸ்ட் 42 புள்ளிகள், 13 ரீபவுண்ட் (தவறிய எறியில் பந்தைக் கைப்பற்றுவது), 12 அசிஸ்ட் (தோழர் புள்ளி எடுக்கப் பந்து கொடுப்பது) எடுத்தார். லேக்கர்ஸ் 108–106 என்று தோற்றது. இறுதித் தொடரின் சிறந்த ஆட்டக்காரர் விருது அந்த ஆண்டுதான் தொடங்கப்பட்டது. அது தோற்ற அணியின் வெஸ்டுக்குப் போனது. இன்றுவரை தோற்ற அணியிலிருந்து அந்த விருதைப் பெற்றவர் அவர் ஒருவரே. பரிசாக ஒரு காரும் தந்தார்கள். அதன் நிறம் பச்சை, செல்டிக்ஸின் நிறம்! கொடுத்தவர்கள் ஒரு கணம் யோசித்திருக்க வேண்டாமா? இதை எப்போது நினைத்தாலும் எனக்கு வயிறு எரிகிறது.

அடுத்த ஆண்டு இறுதித் தொடரில் நியூயார்க் நிக்ஸுடன் மூன்றாவது ஆட்டம். கடைசி நொடியில் ஏறத்தாழ அறுபது அடி தூரத்திலிருந்து எறிந்து ஆட்டத்தைச் சமன் செய்தார். தொலைவிலிருந்து எறிந்தால் இரண்டுக்குப் பதில் மூன்று புள்ளி தரும் ‘மூன்று புள்ளிக் கோடு’ அப்போது என்பிஏவில் கிடையாது. அது 1979இல்தான் வந்தது. இருந்திருந்தால் அந்த எறியே வெற்றி. கூடுதல் நேரத்தில் தோற்றார்கள்.

1972இல் ஒரு வழியாக வென்றாரே, மகிழ்ந்தாரா?

அந்த சீசனில் லேக்கர்ஸ் தொடர்ச்சியாக 33 ஆட்டங்கள் வென்றது. அந்தச் சாதனை இன்னும் நிற்கிறது. ஆனால் இறுதித் தொடரில் வெஸ்டின் எறிகள் பல தவறின. தாம் மோசமாக ஆடியபோது கோப்பை வந்தது அவரை உறுத்தியது. நெடுநாள் தோழர் எல்ஜின் பெய்லர் முழங்கால் காயத்தால் சீசனின் தொடக்கத்திலேயே ஓய்வு பெற, அதற்கடுத்த ஆட்டத்திலிருந்துதான் அந்த 33 வெற்றிகளும் தொடங்கின. அதைவிடக் கசப்பான தற்செயல் இந்த விளையாட்டில் குறைவு.

நிர்வாகத்துக்கு எப்படி வந்தார்? (சேலம்)

1974இல் ஓய்வு. 1976 முதல் மூன்று சீசன் லேக்கர்ஸ் பயிற்சியாளர். அந்த வேலை அவருக்கு நிம்மதி தரவில்லை. பிறகு வீரர்களைத் தேடிக் கண்டறியும் பணி, 1982இல் பொது மேலாளர் பதவி.

மேலாளர் என்றால் வீரர்களை வாங்கி விற்பவர் என்றுதான் பலர் நினைக்கிறார்கள். வெஸ்டின் சிறப்பு, விற்காமல் விட்டதிலும் இருக்கிறது. 1986இல் ஜேம்ஸ் வொர்தியைக் கொடுத்துவிட்டு டல்லாஸின் மார்க் அகுவாயரை வாங்கலாம் என்று பேச்சு எழுந்தது. அணி உரிமையாளர் ஜெர்ரி பஸ்ஸுக்கே அதில் ஆர்வம். வெஸ்ட் இசையவில்லை. இரண்டு ஆண்டுகள் கழித்து இறுதித் தொடரின் ஏழாவது ஆட்டத்தில் வொர்தி 36 புள்ளிகள், 16 ரீபவுண்ட், 10 அசிஸ்ட் எடுத்துக் கோப்பையை வாங்கித் தந்தார்.

கோபி பிரயன்ட், ஷகில் ஓநீல் இருவரையும் ஒரே கோடையில் கொண்டுவந்தது எப்படி? (சிங்கப்பூர்)

1996. பிரயன்ட்டுக்குப் பதினேழு வயது, நேரே பள்ளியிலிருந்து வந்தவர். முன்னாள் லேக்கர்ஸ் வீரர் மைக்கேல் கூப்பரை எதிரே நிறுத்தி அந்தப் பையனை ஆடவிட்டுப் பார்த்தார் வெஸ்ட். கூப்பர் தடுப்பாட்டத்தில் பேர்போனவர். ஓய்வு பெற்றிருந்தாலும் உடல்தகுதி குறையாதவர். சிறிது நேரத்திலேயே, பார்த்தது போதும் என்று வெஸ்ட் நிறுத்தச் சொல்லிவிட்டார்.

இனி கணக்கு. என்பிஏவில் சம்பளத்துக்கு உச்சவரம்பு உண்டு. வெளியிலிருந்து பெரிய வீரரை இழுக்க வேண்டுமானால் முதலில் சம்பளப் பட்டியலில் இடம் வேண்டும். லேக்கர்ஸின் நடு ஆட்டக்காரர் (சென்டர்) விளாடே டிவாக்கை ஷார்லட் அணிக்குக் கொடுத்து, அந்த அணி புதுமுக வீரர்கள் தேர்வில் (டிராஃப்ட்) 13ஆவது இடத்தில் தேர்ந்தெடுத்த பிரயன்ட்டைப் பெறுவது வெஸ்டின் திட்டம். ஒரே அடியில் இளைஞனும் வந்தான், டிவாக்கின் சம்பளமும் கணக்கிலிருந்து போனது. போவதைவிட ஓய்வு பெறுவேன் என்று டிவாக் முரண்டு பிடித்தார். பிறகு மனம் மாறினார். அதுவும் போதவில்லை. ஆந்தனி பீலர், ஜார்ஜ் லிஞ்ச் இருவரையும் வான்கூவருக்கு அனுப்பி மேலும் இடம் உண்டாக்கிய பிறகுதான் ஓநீலுடன் ஏழு ஆண்டு, 12 கோடி டாலர் ஒப்பந்தம் முடிந்தது.

ஓநீல் வராமல் போயிருந்தால்? நல்ல நடு ஆட்டக்காரரும் இல்லை, கையில் இருப்பது ஒரு பள்ளிச் சிறுவன். அந்த வாரங்களின் அழுத்தம் வெஸ்டை உடலளவிலும் வாட்டியது. 2000, 2001, 2002 என்று மூன்று கோப்பைகள் பின்னால் வந்தன. முதல் கோப்பை வந்த கையோடு அவர் லேக்கர்ஸை விட்டு விலகிவிட்டார்.

லேக்கர்ஸ் பணக்கார அணி, நட்சத்திரங்கள் தாமாகவே வருவார்கள். வேறு இடத்தில் சாதித்தாரா? (கொழும்பு)

2002இல் மெம்ஃபிஸ் கிரிஸ்லீஸுக்குப் போனார். முந்தைய சீசனில் 23 ஆட்டங்கள் மட்டுமே வென்ற அணி. அறுபத்தொன்பது வயது ஹூபி பிரவுனைப் பயிற்சியாளராக அழைத்து வந்தார். 2003–04இல் ஐம்பது வெற்றிகள், அணியின் வரலாற்றில் முதல் பிளே ஆஃப் (கோப்பைக்கான நாக் அவுட் சுற்று). பிரவுன் அந்த ஆண்டின் சிறந்த பயிற்சியாளர், வெஸ்ட் சிறந்த நிர்வாகி. முதல் சுற்றிலேயே ஓர் ஆட்டம்கூட வெல்லாமல் வெளியேறினார்கள் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

2011இல் கோல்டன் ஸ்டேட் வாரியர்ஸுக்கு ஆலோசகர். 2014இல் கெவின் லவ்வை வாங்கக் கிளே தாம்சனைக் கொடுக்கலாமா என்று விவாதம் நடந்தபோது, வெஸ்ட் கடுமையாக எதிர்த்தார். வொர்தி கதை திரும்பி வந்ததைக் கவனியுங்கள். மறு ஆண்டே கோப்பை. 2016 மே 28 அன்று, தோற்றால் வெளியேற வேண்டிய ஆட்டத்தில், தாம்சன் பதினொரு மூன்று புள்ளி எறிகளால் அணியைக் காப்பாற்றினார். அன்று வெஸ்டின் 78ஆவது பிறந்தநாள்.

பெரிய வீரர்கள் எல்லாரும் நல்ல நிர்வாகிகள் ஆகிவிடுவார்களா? (நெல்லை, பள்ளிப் பயிற்சியாளர்)

இல்லை. பெய்லரையே எடுத்துக்கொள்ளுங்கள். லாஸ் ஏஞ்சலிஸ் கிளிப்பர்ஸில் 1986 முதல் 22 ஆண்டுகள் அதே வேலையைப் பார்த்தார், பெரும்பாலும் தோல்விதான். அவருக்குத் திறமை இல்லை என்று நான் நம்பவில்லை; 2006இல் சிறந்த நிர்வாகி விருது பெற்றவர் அவர். செலவு செய்ய மனமில்லாத உரிமையாளரின் கீழ் எந்த மேலாளராலும் அணி கட்ட முடியாது. வெஸ்டுக்கு வாய்த்த உரிமையாளர் ஜெர்ரி பஸ். மில்வாக்கியில் 1972இலேயே என்பிஏவின் முதல் கறுப்பினப் பொது மேலாளரான வெய்ன் எம்ப்ரியைப் பற்றியும் தேடிப் படியுங்கள். தனியாக எழுதவேண்டிய வாழ்க்கை அது.

மேலாளரான பிறகாவது ஆட்டங்களை நிம்மதியாகப் பார்த்தாரா?

பார்க்கவே முடியாமல் தவித்தார். தாம் கட்டிய அணி அரங்கில் ஆடிக்கொண்டிருக்கும்போது, காரை எடுத்துக்கொண்டு நெடுஞ்சாலையில் சுற்றிக்கொண்டிருப்பார். முடிந்ததும் யாராவது தகவல் சொல்ல வேண்டும்.