எண்ணை மாற்றினால் அடுத்தவர் ரிப்போர்ட் வருகிறது, யாரிடம் சொல்வது?

கேள்வி: எங்கள் ஊர் ரத்தப் பரிசோதனை நிலையம் ரிப்போர்ட்டை ஆப்பிலும் எஸ்எம்எஸ் இணைப்பிலும் தருகிறது. இணைப்பைக் கம்ப்யூட்டரில் தட்டச்சு செய்தபோது கடைசி எண் மாறிவிட்டது. முன்பின் தெரியாத ஒரு பெண்ணின் ரிப்போர்ட், செல்போன் எண்ணோடு திறந்தது. இதைச் சொன்னால் என் மேலேயே கேஸ் வருமா? அதில் இருக்கும் என் விவரங்களை எப்படிக் காப்பது?

பதில்: முதலில், இன்னொரு எண்ணைப் போட்டுப் பார்க்காதீர்கள். கை துறுதுறுக்கும், தெரியும். ஒருமுறை தவறிப் பார்த்தது வேறு, இருபது பேருடையதை இறக்கி வைப்பது வேறு. தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000-இன் 43-ஆம் பிரிவு, அனுமதியின்றித் தகவலை எடுப்பதைத் தவறு என்கிறது. அதையே நேர்மையற்ற நோக்கத்தோடு செய்தால் 66-ஆம் பிரிவில் 3 ஆண்டு வரை சிறை, 5 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். நல்ல எண்ணத்தில் சோதித்தவருக்கென்று இந்தப் பிரிவுகளில் தனி விலக்கு இல்லை.

ஆதாரத்துக்கு வேறு வழி இருக்கிறது. வீட்டில் யாராவது அங்கே பரிசோதனை செய்திருந்தால், அவர்கள் சம்மதத்தோடு அவர்களுக்கு வந்த இணைப்பை உங்கள் பிரவுசரில், எதிலும் லாகின் செய்யாமல் திறந்து பாருங்கள். ஓடிபி கூடக் கேட்காமல் திறந்தால் போதும். கேட்பவர் உரியவர்தானா என்று சர்வர் பார்ப்பதில்லை, எண் இருக்கிறதா என்று மட்டும் பார்க்கிறது. ஓட்டை அவ்வளவுதான்.

வரவேற்பு மேசையில் சொன்னால் 'சர்வர் பிராப்ளம் சார்' என்பதோடு முடிந்துவிடும். பிளே ஸ்டோரில் அந்த ஆப்பின் பக்கத்தில் டெவலப்பர் மின்னஞ்சல் இருக்கும். ஆப்பின் தனியுரிமைக் கொள்கையில் குறைதீர் அலுவலர் முகவரி இருந்தால் அதற்கும் அனுப்புங்கள். எந்தப் பக்கம், எந்த நாள், என்ன செய்தபோது திறந்தது, என்ன தெரிந்தது: நாலு வரி போதும். அந்தப் பெண்ணின் ரிப்போர்ட்டை இணைக்க வேண்டாம், உங்களிடம் இருந்தால் அழித்துவிடுங்கள். 'சொன்னதற்கு எவ்வளவு தருவீர்கள்' என்ற வரி மட்டும் வரவே கூடாது, மிரட்டலாகப் படிக்கப்படும்.

ஒரு வாரத்தில் பதில் இல்லையென்றால் சர்ட்-இன் அமைப்புக்கு எழுதுங்கள். இது மத்திய அரசின் கணினிப் பாதுகாப்பு அமைப்பு. ஓட்டைகளைத் தெரிவிப்பதற்கென்றே அவர்கள் தளத்தில் தனிப் படிவம் உண்டு, நிறுவனத்தோடு அவர்களே பேசுவார்கள். 1930 இதற்கான எண் அல்ல, அது பணம் பறிபோனவர்களுக்கு. மென்பொருள் ஓட்டைகளைத் தேடும் கூகுளின் புராஜெக்ட் ஜீரோ குழு, ஓட்டையை வெளியே சொல்லும் முன் அதை மூட நிறுவனங்களுக்கு 90 நாள் அவகாசம் தருவது வழக்கம். ஆனால் இது எண்ணை மாற்றத் தெரிந்த யாரும் நுழையக்கூடிய ஓட்டை. அதனால் எத்தனை நாள் ஆனாலும், மூடும்வரை வாட்ஸ்அப் குழுவில் மூச்சு விடாதீர்கள்.

இனி உங்கள் விவரங்கள். ஆப்பை போனிலிருந்து நீக்கினால் சர்வரில் இருப்பது போகாது. ஆப்புக்குள் 'டெலீட் அக்கவுண்ட்' தேடுங்கள், இல்லையென்றால் அதே மின்னஞ்சலில் அழிக்கச் சொல்லிக் கேளுங்கள். போனில் இறக்கிய பிடிஎஃப் டவுன்லோட்ஸ் ஃபோல்டரில் கிடக்கும். எல்லா ஃபைல்களையும் பார்க்க அனுமதி பெற்ற எந்த ஆப்பும் அதைப் படிக்கலாம், அந்த அனுமதிப் பட்டியலை செட்டிங்ஸில் ஒருமுறை பாருங்கள். டாக்டருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தால், சாட் பேக்கப் பகுதியில் என்க்ரிப்ஷனை (மற்றவர் படிக்க முடியாதபடி பூட்டும் வசதியை) நீங்களே ஆன் செய்ய வேண்டும். 2021 முதல் இந்த வசதி இருக்கிறது. அதற்கு வைக்கும் பாஸ்வேர்டை மறந்தால் வாட்ஸ்அப்பாலும் மீட்டுத் தர முடியாது, அதனால் எழுதி வையுங்கள்.

'சரிசெய்துவிட்டோம்' என்று பதில் வந்தால், வீட்டாரின் அதே பழைய இணைப்பை மறுபடி திறந்து பாருங்கள். புதிதாக அனுப்பும் இணைப்புகளுக்கு மட்டும் பூட்டுப் போட்டுவிட்டு, பழையதை அப்படியே விட்டிருப்பார்கள்.