சான்றிதழில பேர் மாறிக் கிடக்கு, என்ன செய்யலாம்?

கேள்வி: ஐயா, மகள் தர்சினி வெளிநாட்டில படிக்கிறதுக்கு விண்ணப்பிக்கிறா. பிறப்புச் சான்றிதழின்ர இங்கிலிஷ் மொழிபெயர்ப்பில அவவின்ர பேர் 'ரி' (T) எழுத்தில தொடங்குது, ஓ.எல் (சாதாரண தரம்), ஏ.எல் (உயர்தரம்) ரெண்டு சான்றிதழிலயும் 'டி' (D). கோட்டுக்குப் போனால்தான் திருத்தலாம் எண்டு ஆக்கள் சொல்லுகினம், உண்மையோ?
- ஒரு தாய், சுன்னாகம்

பதில்: பயப்பிடாதேங்கோ அம்மா, இது கோட்டுக்குப் போற அலுவலே இல்லை. முதல்ல பிறப்புச் சான்றிதழின்ர மூலப்பிரதியை எடுத்துப் பாருங்கோ. அது தமிழில மட்டும் இருந்தா அதில 'ரி'யும் இல்லை 'டி'யும் இல்லை, 'தர்சினி' எண்டு மட்டும்தான் இருக்கும். அந்தத் 'த'வை ஒருத்தர் ரி, எச் எண்டு எழுதுவார், இன்னொருத்தர் டி, எச் எண்டு எழுதுவார், அப்ப பிழை ஓ.எல் சான்றிதழில இல்லை, மொழிபெயர்ப்பிலதான். ஓ.எல், ஏ.எல், அடையாள அட்டை, பாஸ்போட் எல்லாத்திலயும் ஒரே எழுத்துக்கூட்டல் இருந்தா, அதுகளைக் காட்டி சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரிட்ட அதே எழுத்தில புது மொழிபெயர்ப்பு எடுங்கோ. பழையதை ஏற்கெனவே அனுப்பிப்போட்டீங்கள் எண்டா, ரெண்டும் ஒரே ஆளின்ர பேர்தான் எண்டு சமாதான நீதவானுக்கு முன்னால ஒரு சத்தியக்கடதாசி முடிச்சுக் குடுங்கோ. சத்தியக்கடதாசி விளக்கம் சொல்லுமே தவிர சான்றிதழைத் திருத்தாது, இதைத்தான் கனபேர் மாறி விளங்கி வைச்சிருக்கினம்.

பிறப்புச் சான்றிதழில இருக்கிற தமிழ்ப் பேரே வேறை எண்டாத்தான் பரீட்சைத் திணைக்களத்துக்கு எழுத வேணும். சுட்டெண், தோற்றின ஆண்டு, பிறப்புச் சான்றிதழ், அதிபரின்ர கடிதம் எல்லாத்தையும் சேர்த்து பதிவுத் தபாலில போடுங்கோ. தமிழிலயே எழுதலாம், தமிழும் அரசகரும மொழிதான். பிழை பிறப்புச் சான்றிதழில எண்டா வழி வேறை, அதை 1951ஆம் ஆண்டின் 17ஆம் இலக்கப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின்படி பிரதேச செயலகத்தில இருக்கிற மேலதிக மாவட்டப் பதிவாளரிட்ட விண்ணப்பிச்சு முதல்ல திருத்துங்கோ, வேர் சரியில்லாமல் கிளையை நிமித்த ஏலாது.

ஒண்டு மட்டும் கெஞ்சிக் கேக்கிறன். ஒரு தம்பி என்னட்ட கொண்டுவந்த சான்றிதழில ஒரு எழுத்தை பிளேட்டால சுரண்டி நீலப் பேனையால எழுதியிருந்தது, வெளிச்சத்தில பிடிச்சா அந்த இடத்தில கடதாசி மெலிஞ்சு ஓட்டையாத் தெரியுது. திருத்தக் கூடின சின்னப் பிழையை அந்தப் பிள்ளை குற்றமாக்கிப் போட்டுது.

கேள்வி: பள்ளிக்கூட விடுகைப் பத்திரத்தில என்ர பிறந்த மாசம் 1க்குப் பதிலா 7 எண்டு கிடக்கு. ரெண்டு தரம் கடிதம் குடுத்தும் பதில் இல்லை.
- ஒரு வாசகர், சாவகச்சேரி

பதில்: விடுகைப் பத்திரம் சேர்வு இடாப்பை, அதாவது பள்ளிக்கூடத்தில சேரேக்க பேர் பதியிற புத்தகத்தைப் பார்த்துத்தான் எழுதுறது தம்பி, அதனால இடாப்பைத் திருத்தாமல் பத்திரத்தை மட்டும் மாத்தினா நாளைக்கும் அதே பிழை வரும். பழையதை ஒரு கோட்டால வெட்டி, சரியானதை எழுதி, அதிபர் ஒப்பமும் திகதியும் வைக்கச் சொல்லிக் கேளுங்கோ. 1995 இடப்பெயர்வில இடாப்பு துலைஞ்சிருந்தா வலயக் கல்வி அலுவலகத்துக்குப் பிறப்புச் சான்றிதழோட போங்கோ.

பதிலே வராட்டி 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில, என்ர கடிதத்துக்கு என்ன நடவடிக்கை எடுத்தீங்கள் எண்டு கேளுங்கோ, 14 வேலை நாளுக்குள்ள தகவல் அலுவலர் முடிவு சொல்ல வேணும். அதுக்குப் பிறகும் அசையாட்டித்தான் ரிட், அதாவது அதிகாரியை அவரின்ர கடமையைச் செய்யச் சொல்லி நீதிமன்றம் போடுற எழுத்தாணை. மாகாணப் பாடசாலை எண்டா யாழ்ப்பாணத்திலயே மாகாண மேல் நீதிமன்றத்தில போடலாம், தேசியப் பாடசாலை எண்டா கொழும்பில மேன்முறையீட்டு நீதிமன்றம். சட்டத்தரணிக்குக் காசு இல்லையெண்டா சட்ட உதவி ஆணைக்குழுவின்ர யாழ்ப்பாணக் கந்தோருக்குப் போங்கோ, போகேக்க அந்த ரெண்டு கடிதத்தின்ர பிரதியும் தபால் துண்டும் கையில இருக்கட்டும்.