இருபடிக் கோவை: நடு உறுப்பில் தடுமாறுபவர்களுக்கு

(மாறியை எல்லா இடத்திலும் ‘ய’ என்றே எழுதியிருக்கிறேன்.)

6ய² − 7ய − 20 மாதிரிக் கோவையைக் காரணிப்படுத்தும்போது சோடி தேடியே நேரம் போய்விடுகிறது.
– தரம் 10 மாணவி, கொட்டாஞ்சேனை

முதல் குணகத்தையும் மாறிலியையும் பெருக்குங்கள்: −120. பெருக்கம் மறை என்பதால் சோடியில் ஒன்று நேர், மற்றது மறை. நடுக் குணகம் −7, ஆகவே 120இன் காரணிகளில் வித்தியாசம் 7 வரும் சோடிதான் வேண்டும். 1, 120 என்று தொடங்கினால் தூரம் அதிகம். நடுவிலிருந்து வாருங்கள்: 10, 12 என்றால் 2, 8, 15 என்றால் 7. சரி, பெரியதற்கு மறைக்குறி.

6ய² + 8ய − 15ய − 20
= 2ய(3ய + 4) − 5(3ய + 4)
= (3ய + 4)(2ய − 5)

இரண்டாம் வரியில்தான் பலர் விழுகிறார்கள். சய 5ஐ (−5) வெளியே எடுத்ததும், உள்ளே சய 20 (−20) சக 4 (+4) ஆகவேண்டும். அங்கே −4 என்று எழுதினால் அடைப்புகள் பொருந்தாது. உடனே சோடியே பிழை என்று நினைத்து எல்லாவற்றையும் வெட்டிவிட்டு முதலிலிருந்து தொடங்குவார்கள். சோடியைத் தொடாதீர்கள், குறியைப் பாருங்கள்.

பாடசாலையில் நடு உறுப்பைப் பிரிக்கச் சொல்கிறார்கள், ரியூசன் சேர் குறுக்கே பெருக்கச் சொல்கிறார். மகன் குழம்புகிறான்.
– ஒரு தாய், வெள்ளவத்தை

இரண்டும் ஒரே கணக்குத்தான். என்னைக் கேட்டால் பிரிக்கும் முறை நல்லது. எந்த வரியில் பிழைத்தது என்று கொப்பியைப் பார்த்தே கண்டுபிடிக்கலாம். எந்த முறையானாலும் கடைசியில் அடைப்புகளைப் பெருக்கிப் பார்க்கச் சொல்லுங்கள்.

ய² + 5ய + 3க்குச் சோடியே வரவில்லையே?
– தரம் 11, மட்டக்குளி

வராது. நடுக் குணகத்தின் வர்க்கம் 25. அதிலிருந்து முதல் குணகம், மாறிலி இவற்றின் பெருக்கத்தின் 4 மடங்கைக் கழியுங்கள்: 25 − 12 = 13. இது நிறைவர்க்கம் இல்லை, ஆகவே முழுவெண் காரணி கிடையாது. முதல் கணக்கில் 49 + 480 = 529, அதாவது 23இன் வர்க்கம்; அதனால்தான் பிரிந்தது. தேடித் தேடிக் களைக்குமுன் இதைச் செய்து பாருங்கள்.

2ய² − 18இல் நடு உறுப்பே இல்லையே?
– தெமட்டகொட

முதலில் 2ஐ வெளியே எடுங்கள். 2(ய² − 9), அப்புறம் வர்க்கங்களின் வித்தியாசம்: 2(ய − 3)(ய + 3).

ய² = 5ய. இரண்டு பக்கமும் ‘ய’ஆல் வகுத்தேன், ய = 5. ஏன் புள்ளி குறைத்தார்கள்?
– பம்பலப்பிட்டி

‘ய’ பூச்சியமாகவும் இருக்கலாமே, பூச்சியத்தால் வகுக்கமுடியாது. ய(ய − 5) = 0 என்று எழுதினால் 0, 5 இரண்டும் கிடைக்கும். குறைத்தது நியாயம்தான்.