டியூப் எங்கே இருக்கிறது? வாசகர் கேள்வி பதில்

தானாக மூச்சுவிட முடியாத நோயாளிக்கு வாய் வழியாக மூச்சுக்குழலுக்குள் டியூப் போடுவது பற்றி, பயிற்சி மருத்துவர்களும் செவிலியர்களும் அனுப்பிய கேள்விகளுக்கு இந்த இதழில் பதில் தருகிறோம். நீளமான கேள்விகளைச் சுருக்கியிருக்கிறோம்.

கேள்வி: டியூப் சரியான இடத்தில் இருக்கிறதா என்று அறிய, வயிற்றில் ஒன்று, நெஞ்சில் நான்கு என ஐந்து இடங்களில் ஸ்டெத் வைத்துக் கேட்கச் சொல்லிக்கொடுத்தார்கள். டியூப்புக்குள் நீராவி படிகிறதா என்றும் பார்க்கிறேன். இது போதாதா?
பயிற்சி மருத்துவர், மதுரை

பதில்: போதாது. உணவுக்குழாய்க்குள் போன டியூப்பிலும் நீராவி படியும். கையால் அமுக்கி மூச்சுக் கொடுக்கும் ஆம்பு பேக்கை அழுத்தும்போது வயிற்றோடு நெஞ்சும் சேர்ந்து அசையும். வயிற்றுக்குள் போகும் காற்றின் சத்தம் நெஞ்சில் ஸ்டெத் வைத்தாலும் கேட்கும். டியூப் போட்டவருக்கோ அது நெஞ்சில்தான் கேட்க வேண்டும் என்ற ஆசை. ஆசைப்படும் காதை நம்பக்கூடாது. ஸ்டெத் வேண்டாம் என்று சொல்லவில்லை. இரண்டு நுரையீரலுக்கும் காற்று போகிறதா, டியூப் வலது பக்கம் மட்டும் இறங்கிவிட்டதா என்று பார்க்க அது வேண்டும். ஆனால் அது அடுத்த கட்டம்.

மூச்சுக்குழலா, உணவுக்குழாயா என்று தீர்ப்புச் சொல்ல வேண்டியது கேப்னோகிராஃப். வெளிவரும் மூச்சில் உள்ள கார்பன் டை ஆக்சைடைத் திரையில் அலையாகக் காட்டும் கருவி அது. ஒரு அலை வந்ததும் நிம்மதியாகிவிடாதீர்கள். 2022இல் வெளியான சர்வதேச வழிகாட்டுதல் கேட்பது குறைந்தது 7 மூச்சு. அலை ஒவ்வொரு மூச்சுக்கும் ஏறி இறங்க வேண்டும். அதன் உச்சம் அடிக்கோட்டைவிட 7.5 மி.மீ. பாதரச அளவாவது உயர்ந்திருக்க வேண்டும். ஏழு எதற்கு என்றால், டியூப் போடுவதற்கு முன்பு மாஸ்க் வைத்து பேக் அழுத்தும்போது நோயாளி விட்ட மூச்சில் கொஞ்சம் வயிற்றுக்குள் போயிருக்கலாம். சோடா குடித்துவிட்டு வந்தவராகவும் இருக்கலாம். அந்த வாயு முதல் சில மூச்சுக்கு அலை காட்டிவிட்டுத் தேய்ந்துபோகும்.

கோடு தட்டையாக இருந்தால் ஆளாளுக்கு ஒரு சமாதானம் சொல்வார்கள். "இதயம் நின்றுவிட்டது, அதனால்தான் வரவில்லை" என்பது அதில் முதலாவது. நெஞ்சை முறையாக அழுத்திக்கொண்டிருந்தால் சிறிதாகவேனும் அலை வரும். "மூச்சுக்கிளைகள் இறுகிவிட்டன", "மெஷின் கோளாறு" என்பவை அடுத்தவை. இவையெல்லாம் நடக்கக்கூடியவைதான், ஆனால் அபூர்வம். மூச்சுக்காற்றைக் கருவிக்குக் கொண்டுபோகும் சாம்பிள் லைன் கழன்றிருக்கிறதா என்று ஒரு பார்வை பாருங்கள். காரணம் உடனே தெரியாவிட்டால் டியூப்பை உருவிவிட்டு மாஸ்க்கால் ஆக்சிஜன் கொடுங்கள்.

விரலில் மாட்டும் ஆக்சிமீட்டரை இந்தக் கேள்விக்குச் சாட்சியாக அழைக்கவே கூடாது. முன்கூட்டியே நன்றாக ஆக்சிஜன் கொடுத்த நோயாளிக்கு, டியூப் தப்பான இடத்தில் இருந்தாலும் சில நிமிடங்களுக்கு 98 காட்டிக்கொண்டிருக்கும். அது சரியத் தொடங்கும்போது எல்லோரும் வேறு காரணத்தைத் தேட ஆரம்பித்திருப்பார்கள்.

கேள்வி: சாச்சுரேஷன் (ரத்தத்தின் ஆக்சிஜன் அளவு, சதவீதத்தில்) ஏற்கெனவே 99. பிறகு எதற்கு டியூப் போடுமுன் மூன்று நிமிடம் ஆக்சிஜன் மாஸ்க்கைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும்?
மயக்கவியல் டெக்னீஷியன் மாணவர், சேலம்

பதில்: 99 என்பது ரத்தத்தின் கணக்கு. நீங்கள் நிரப்பப்போவது நுரையீரல் என்ற தொட்டியை. சாதாரணமாக மூச்சை விட்டு முடித்த பிறகும் பெரியவர் ஒருவரின் நுரையீரலில் ஏறக்குறைய இரண்டரை லிட்டர் காற்று தங்கும். அதில் பெரும்பகுதி நைட்ரஜன். ஆக்சிஜன் அரை லிட்டருக்கும் குறைவு. உடம்பு நிமிடத்துக்குச் சுமார் 250 மி.லி. ஆக்சிஜனைச் செலவழிக்கிறது. டியூப் போடுவதற்காக மருந்து கொடுத்து மூச்சு நின்றதும், ஒன்றிரண்டு நிமிடத்தில் சாச்சுரேஷன் சரிந்துவிடும். அதே தொட்டியில் நைட்ரஜனை வெளியேற்றி ஆக்சிஜனை நிரப்பினால் இரண்டு லிட்டருக்கு மேல் கையிருப்பு. ஆரோக்கியமான ஆளுக்கு அது ஏழெட்டு நிமிடம்கூடத் தாங்கும்.

ஆனால் டியூப் அவசரமாகத் தேவைப்படுபவர் பெரும்பாலும் ஆரோக்கியமான ஆள் அல்ல. உடல் பருத்தவர், நிறைமாதக் கர்ப்பிணி, நிமோனியா நோயாளி ஆகியோருக்குத் தொட்டியே சிறிது. குழந்தைக்குத் தொட்டி சிறிது, செலவோ அதிகம். இவர்களுக்குத் தலைப்பக்கத்தை 20 முதல் 30 டிகிரி உயர்த்துங்கள். வயிறு கீழே இறங்கி நுரையீரலுக்கு இடம் கிடைக்கும். நேரமே இல்லாவிட்டால் ஒரு நிமிடத்துக்குள் 8 ஆழ்ந்த மூச்சு. மாஸ்க் முகத்தில் இடைவெளியில்லாமல் பொருந்த வேண்டும். கன்னத்தோரம் கசிந்தால் அறைக்காற்று கலந்து மூன்று நிமிடமும் வீண். தாடிக்காரர்களிடம் இது அடிக்கடி நடக்கும். மூக்கில் கேனுலா என்ற சிறு குழாய் வைத்து நிமிடத்துக்கு 15 லிட்டர் ஆக்சிஜன் ஓடவிட்டு, குரல்வளையைப் பார்க்க உதவும் லாரிங்கோஸ்கோப் வாய்க்குள் இருக்கும்போதும் அதை எடுக்காமல் வைத்திருந்தால் இன்னும் கொஞ்சம் அவகாசம் கிடைக்கும்.

கேள்வி: வார்டில் திடீரென்று டியூப் போட நேர்ந்தால் டிராலியில் என்ன இருக்க வேண்டும்?
செவிலியர், தஞ்சாவூர்

பதில்: பெண்களுக்கு 7 அல்லது 7.5, ஆண்களுக்கு 7.5 அல்லது 8 அளவு (உள்விட்டம், மி.மீ.) டியூப். கூடவே ஒவ்வொன்றிலும் அரை அளவு சிறியது ஒன்று. டியூப் நுனிக்கருகே உள்ள கஃப் என்ற பலூனை 10 மி.லி. சிரிஞ்சால் ஊதிப் பார்த்துவிட்டு முழுவதும் உறிஞ்சிவிடுங்கள். உள்ளே கம்பி வைப்பதாக இருந்தால் அதன் நுனி டியூப்பைத் தாண்டி நீட்டக்கூடாது, மூச்சுக்குழலைக் கிழித்துவிடும். லாரிங்கோஸ்கோப் இரண்டு. ஒன்றில் விளக்கு மங்கும் நேரம் எப்போதுமே தப்பான நேரம்தான். சளியையும் வாந்தியையும் உறிஞ்சும் சக்ஷன் ஓடிக்கொண்டே, அதன் முனை நோயாளியின் தலையணைக்கடியில் வலப்பக்கம் இருக்கட்டும். வாந்தி வந்த பிறகு சுவிட்சைத் தேட முடியாது. பூஜி (டியூப்புக்கு வழிகாட்டும் நீண்ட, வளையும் குச்சி), எல்எம்ஏ (குரல்வளை வாயின் மேல் பொருந்தும் மாஸ்க் உள்ள குழாய்), ஆம்பு பேக், கேப்னோகிராஃப், ரத்த அழுத்தத்தைத் தூக்கும் மருந்து சிரிஞ்சில் ஏற்றி ஒன்று.

குழந்தைகள் வார்டு என்றால், ஒரு வயதுக்கு மேல், வயதை நாலால் வகுத்து 3.5 கூட்டினால் கஃப் உள்ள டியூப்பின் அளவு. 4 கூட்டினால் கஃப் இல்லாதது. நான்கு வயதுக் குழந்தைக்கு 4.5 அல்லது 5. வயதில் பாதியோடு 12 கூட்டினால், உதட்டில் எத்தனை செ.மீ. குறியில் நிறுத்துவது என்று தெரியும். அதே குழந்தைக்கு 14. இதை டிராலியின் பக்கவாட்டில் எழுதி ஒட்டிவிடுங்கள்.

கேள்வி: குரல் நாண்கள் கண்ணுக்குத் தெரிகின்றன. டியூப் மட்டும் உள்ளே போகமாட்டேன் என்கிறது.
முதுநிலை மாணவர், கோயம்புத்தூர்

பதில்: முதலில் தலை இருக்கும் நிலையைப் பாருங்கள். பக்கவாட்டிலிருந்து பார்த்தால் காதுத் துவாரமும் மார்பெலும்பின் மேல்பள்ளமும் ஒரே மட்டத்தில் இருக்க வேண்டும். பருத்தவர்களுக்கு ஒரு தலையணை போதாது, தோளிலிருந்தே படிப்படியாக உயர்த்த வேண்டும். லாரிங்கோஸ்கோப்பின் கைப்பிடியை உங்கள் பக்கம் நெம்பாதீர்கள், மேல்வரிசைப் பல்தான் போகும். நோயாளியின் கால்மாட்டுச் சுவரும் கூரையும் சேரும் மூலையை நோக்கித் தூக்குங்கள்.

பாதி நாண் தெரிந்தாலும், குரல்வளை மூடியின் விளிம்பு மட்டும் தெரிந்தாலும் பூஜியை எடுத்துவிடுங்கள். வளைந்த முனை மேல்நோக்கி இருக்கட்டும். மூச்சுக்குழலுக்குள் போனால் குருத்தெலும்பு வளையங்களில் தட்டித் தட்டிப் போவது விரலில் தெரியும். மென்மையாகச் செலுத்தினால் 40 செ.மீ.க்குள் எங்கோ தடைபடும். தடையே இல்லாமல் போய்க்கொண்டே இருந்தால் அது உணவுக்குழாய். பூஜியின் மேல் டியூப்பைக் கோர்த்து இறக்கும்போது சிக்கினால், முட்டித் தள்ளாதீர்கள். சரிவாக வெட்டிய டியூப் முனை வலதுபக்க அரிட்டினாய்டு குருத்தெலும்பில் மாட்டிக்கொண்டிருக்கும். சற்றுப் பின்னிழுத்து, கடிகாரம் சுற்றும் திசைக்கு எதிராக 90 டிகிரி திருப்பி இறக்குங்கள். லாரிங்கோஸ்கோப்பை அதுவரை வாயிலிருந்து எடுக்க வேண்டாம்.

கேமரா உள்ள வீடியோ லாரிங்கோஸ்கோப்பில் இந்தக் குறை வேறு விதம். திரையில் படம் அழகாக இருக்கும், டியூப் மூலை திரும்பாது. வாய்க்குள் போகும் தகடான பிளேடை ஒரு செ.மீ. பின்னிழுத்தால் படம் சற்று மோசமாகும், வழி நேராகும். இன்னொன்று: டியூப் நுனி நாக்கின் பின்பக்கத்தைத் தாண்டும்வரை திரையைப் பார்க்காமல் வாயைப் பாருங்கள். எல்லோரும் திரையையே பார்த்துக்கொண்டிருக்கும் அந்த நொடிகளில்தான் அண்ணத்தில் ஓட்டை விழுகிறது.

கேள்வி: எத்தனை தடவை முயற்சி செய்யலாம்? பெரிய டாக்டர் முயன்றுகொண்டிருக்கும்போது நாங்கள் என்ன சொல்வது?
அறுவை அரங்கச் செவிலியர், திருச்சி

பதில்: அகில இந்தியக் கடினச் சுவாசப் பாதைச் சங்கம் 2016இல் வெளியிட்ட வழிகாட்டுதலின்படி அதிகபட்சம் மூன்று. ஒவ்வொரு முயற்சிக்கும் நடுவில் மாஸ்க்கால் மூச்சுக் கொடுத்து, சாச்சுரேஷன் 95க்குக் குறையாமல் இருந்தால் மட்டுமே அடுத்தது. ஒவ்வொரு முறையும் ஏதாவது ஒன்றை மாற்ற வேண்டும்: தலை நிலை, பிளேடு, பூஜி, இல்லாவிட்டால் ஆள். அதே கையால் அதே பிளேடை மூன்று முறை செலுத்தினால் தொண்டை வீங்குவதுதான் மிச்சம். பிறகு மாஸ்க்கும் பிடிபடாமல் போகும்.

அடுத்தது எல்எம்ஏ. அதுவும் மாஸ்க்கும் கைவிட்டால் கழுத்தின் முன்புறம். தைராய்டு குருத்தெலும்புக்குக் கீழே விரலில் படும் பள்ளத்தில் 10ஆம் எண் கத்தியால் குறுக்கே குத்தி, கூர்முனை காலை நோக்கும்படி 90 டிகிரி திருப்பி, அந்த வழியில் பூஜி, அதன் மேல் கஃப் உள்ள 6 அளவு டியூப். கழுத்தில் கத்தி வைக்கத் தயங்கித் தாமதிப்பதால்தான் இதில் பெரும்பாலும் நோயாளி இழக்கப்படுகிறார்.

2005இல் இங்கிலாந்தில் சைனஸ் அறுவைக்கு வந்த ஒரு பெண்ணுக்கு டியூப் போட முடியாமல், அனுபவம் மிக்க மருத்துவர்களே திரும்பத் திரும்ப முயன்றார்கள். செவிலியர் கழுத்தில் துளையிடும் கருவிகளை எடுத்துவந்து சொல்லியும் யார் காதிலும் ஏறவில்லை. அந்தப் பெண் மூளை பாதித்து இறந்துபோனார். ஆகவே, "சார், ஒருவேளை…" என்று இழுக்காதீர்கள். "சார், சாச்சுரேஷன் 85. மூன்று முயற்சி முடிந்தது. எல்எம்ஏ இதோ" என்று எண்ணோடு சொல்லிக் கையில் கொடுங்கள். மரியாதையும் குறையாது, செய்தியும் போய்ச் சேரும்.

கேள்வி: எக்ஸ்ரேயில் டியூப் சரியாக இருந்தது. நோயாளியைத் திருப்பிப் படுக்கவைத்ததும் வென்டிலேட்டர் அலறுகிறது.
ஐசியு செவிலியர், வேலூர்

பதில்: பல்வரிசையில் பெண்களுக்கு 21, ஆண்களுக்கு 23 செ.மீ. குறி இருக்க வேண்டும் என்பது பொதுக்கணக்கு. தாடை நெஞ்சை நோக்கிக் குனிந்தால் டியூப் நுனி 2 செ.மீ. வரை கீழே இறங்கும், அண்ணாந்தால் மேலே ஏறும். இறங்கினால் வலது நுரையீரலுக்குள்தான் போகும், அந்தக் கிளைதான் நேராகவும் அகலமாகவும் இருக்கிறது. எனவே திருப்பும்போது ஒருவர் டியூப்பையும் தலையையும் மட்டும் பிடித்துக்கொள்ளட்டும். முன்னும் பின்னும் குறியைப் படித்து எழுதுங்கள்.

அலாரம் அடித்தால் மெஷினோடு மல்லுக்கட்டாதீர்கள். கழற்றிவிட்டு ஆம்பு பேக்கால் கொடுங்கள். எளிதாகப் போனால் கோளாறு மெஷினில் அல்லது அதன் குழாயில். கேப்னோகிராஃப் அலை மறைந்திருந்தால் டியூப் வெளியே வந்திருக்கும். பேக் கல்லாக இருந்தால் சக்ஷன் குழாயை உள்ளே விடுங்கள்; போகவில்லை என்றால் சளி அடைத்திருக்கும் அல்லது நோயாளி கடித்துக்கொண்டிருப்பார். சக்ஷன் குழாய் தாராளமாகப் போயும் பேக் அழுந்தாமல், ஒரு பக்கம் சத்தமின்றி, ரத்த அழுத்தமும் விழுந்தால் நுரையீரலைச் சுற்றிக் காற்று சேர்ந்திருக்கிறது. எக்ஸ்ரேக்குக் காத்திராமல் மருத்துவரைக் கூப்பிடுங்கள்.

கஃப் அழுத்தத்தையும் அப்போதே பார்த்துவிடுங்கள். 20க்கும் 30 செ.மீ. நீரளவுக்கும் இடையில் இருக்க வேண்டும். குறைந்தால் எச்சில் நுரையீரலுக்குள் கசியும், கூடினால் மூச்சுக்குழல் சுவரில் ரத்த ஓட்டம் நின்று புண்ணாகும். கஃப்போடு இணைந்து வெளியே தொங்கும் சிறு பலூனை விரலால் நசுக்கிப் பார்த்து "சரியாக இருக்கிறது" என்று எழுதும் வழக்கம் பல இடங்களில் உண்டு. விரலுக்கு 30 எது, 60 எது என்று தெரியாது. அழுத்தமானி ஒன்றை வாங்கித் தரச் சொல்லுங்கள்.