புனைபெயரில் புத்தகம் போட்டால் உரிமை போய்விடுமா?

கேள்வி: கொடிகாமப் பக்கத்தில் ஆசிரியையாக இருக்கிறேன். எங்கள் ஊர்ச் சீதனப் பேரங்களை வைத்து ஒரு நாவல் எழுதியிருக்கிறேன். சொந்தப் பெயரில் போட்டால் ஊருக்குள் இருக்க முடியாது. புத்தகம் போட்டுத் தரும் ஒருவர், "புனைபெயரில் போட்டால் சட்டப்படி உங்களுக்கு உரிமை இல்லை, கொழும்பில் பதிய 35,000 ரூபா தாருங்கள், பதிவு வரும்வரை உரிமையை என் பெயருக்கு எழுதித் தாருங்கள்" என்கிறார். கையெழுத்து வைக்கலாமா?

பதில்: வைக்காதீர்கள் ரீச்சர். காசும் கொடுக்காதீர்கள்.

நீங்கள் எழுதிய நாவலின் உரிமை, எழுதியபோதே உங்களுடையதாகிவிட்டது. அதை யாரும் தரவேண்டியதில்லை. 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம், புனைபெயரில் எழுதுவதும் சொந்தப் பெயரைப் புத்தகத்தில் போடாமல் விடுவதும் எழுத்தாளரின் உரிமை என்றே சொல்கிறது. அந்த மனிதர் அதைத் தலைகீழாகப் புரட்டி உங்களுக்கே விற்கப் பார்க்கிறார்.

அடுத்தது அந்தப் 'பதிவு'. இலங்கையில் பதிப்புரிமையைப் பெறுவதற்குப் பதிவு என்று ஒன்று கிடையாது. கொழும்பிலுள்ள தேசிய புலமைச் சொத்து அலுவலகத்தில் வியாபாரக் குறியைப் பதியலாம், கண்டுபிடிப்புக்கு ஆக்கவுரிமை எடுக்கலாம், நாவலைப் பதிய முடியாது. இது தெரியாத சனத்திடம் ஏதோ ஒரு சான்றிதழின் போட்டோக் கொப்பியைக் காட்டி, "இப்படி ஒன்று உங்களுக்கும் வரும்" என்று காசு கறக்கிறார்கள். வேறு சிலர் ஐ.எஸ்.பி.என். இலக்கத்தை எடுத்துக் கொடுத்துவிட்டு உரிமை பதிந்தாயிற்று என்பார்கள். அது தேசிய நூலக ஆவணவாக்கல் சேவைகள் சபை கொடுக்கும் இலக்கம், கடைக்கும் நூலகத்துக்கும் புத்தகத்தை அடையாளம் காட்டுமே தவிர, உரிமையாளர் யார் என்பதற்கு அது அத்தாட்சி அல்ல. இந்த இரண்டு விசயத்தையும் ஒரு தாளில் தமிழில் அடித்துக் கச்சேரி (மாவட்டச் செயலக) அறிவித்தல் பலகையில் ஒட்டினால் பாதிப் பேர் தப்பிவிடுவார்கள். ஒட்டி நான் கண்டதில்லை. கொழும்புக்குக் கோல் எடுத்தால் அந்தப் பிரிவு, இந்தப் பிரிவு என்று மாற்றி மாற்றிப் போடுவார்கள், கடைசியில் லைன் கட்டாகும்.

உண்மையில் பயப்பட வேண்டியது அந்த "அதுவரை என் பெயருக்கு" என்ற தாளுக்குத்தான். உரிமையைக் கைமாற்ற எழுத்தும் கையொப்பமும் வேண்டும் என்பது சட்டம். அதாவது நீங்களாக ஒப்பம் வைத்தால்தான் அது போகும், வைத்தால் பிறகு திருப்பி எடுக்க நீதிமன்றப் படிதான் ஏறவேண்டும். அதிலும் உங்கள் பெயரே இல்லாத புத்தகம். எழுதியவர் யாரென்று தெரியாத புத்தகத்துக்கு, அதில் பெயருள்ள வெளியீட்டாளரையே எழுத்தாளரின் பிரதிநிதியாகக் கொள்வது என்று பதிப்புரிமை பற்றிய சர்வதேச ஒப்பந்தமான பேர்ண் உடன்படிக்கை சொல்கிறது. ஆகவே வெளியீட்டாளர் என்ற இடத்தில் அவருடைய பெயரைப் போடவிடாதீர்கள். நம்பிக்கையான ஒருவரின் பெயரிலோ, நீங்களே வைக்கும் ஒரு வெளியீட்டகப் பெயரிலோ போடுங்கள். அவரோடு அச்சுக்கூலி ஒப்பந்தம் மட்டும் போதும்.

அப்புறம், "நான்தான் இந்தப் பெயரில் எழுதுபவள்" என்று ஒரு சத்தியக்கடதாசி (சத்தியம் செய்து ஒப்பமிடும் பத்திரம்) முடித்து, கைப்பிரதியோடு சேர்த்துப் பூட்டி வையுங்கள். அதை உறுதிப்படுத்த உங்கள் ஊர்ச் சமாதான நீதவானிடம் மட்டும் போகாதீர்கள், அன்று பின்னேரமே சந்தி முழுக்கக் கதை போய்விடும். யாழ்ப்பாண நகருக்கு வந்து முன்பின் தெரியாத ஒருவரிடம் முடியுங்கள். வீட்டில் ஒருவருக்காவது அது எங்கே இருக்கிறதென்று தெரிந்திருக்க வேண்டும், உங்களுக்குப் பிறகு உரிமை பிள்ளைகளுக்குத்தானே.

உரிமை எவ்வளவு காலம் என்பதில் மட்டும் ஒரு வித்தியாசம் உண்டு, இதைக் கொஞ்சம் பொறுமையாக வாசியுங்கள். சொந்தப் பெயரில் போட்டால் ஆயுட்காலமும் அதற்குமேல் 70 ஆண்டும். யாரென்று தெரியாத புனைபெயரில் போட்டால், வெளியான நாளிலிருந்து 70 ஆண்டு மட்டும். 2026 இல் நாவல் வந்து, நீங்கள் 2066 வரை இருந்தீர்கள் என்று வைப்போம். மறைந்தே இருந்தால் 2096 இல் உரிமை முடியும். அதற்குள் இன்னார்தான் என்று வெளிப்பட்டுவிட்டால் 2136 வரை போகும். நீங்களாகச் சொன்னாலும் சரி, சந்தேகமில்லாமல் ஊருக்குத் தெரிந்தாலும் சரி. நாவலாசிரியர் செங்கை ஆழியான் என்றால் க. குணராசா, ஈழத்துக் கவிஞர் மஹாகவி என்றால் து. உருத்திரமூர்த்தி என்று எல்லோருக்கும் தெரியும்தானே, அப்படியான புனைபெயர் சட்டத்துக்குச் சொந்தப் பெயர் மாதிரித்தான். அவர்கள் ஒளிக்கவில்லை, எழுத்துக்கென்று ஒரு பெயர் வைத்துக்கொண்டார்கள். உத்தியோகம், சாதி, பெண்ணென்றால் குடும்பம், யுத்த காலத்தில் உயிர் என்று காரணத்தோடு ஒளித்தவர்கள் வேறு. நீங்கள் இந்த இரண்டாவது பக்கம்.

ஒளிக்கிறவர்கள் பிடிபடுவது பெரும்பாலும் தங்கள் கையாலேதான். புத்தகத்தின் இரண்டாம் பக்கத்தில் நூல் விபரம் என்று ஒரு பெட்டி போடுவோமே, அதில் ஆசிரியர் என்ற இடத்தில் புனைபெயர், கீழே முகவரி என்ற இடத்தில் வீட்டு ஒழுங்கை, அதற்கும் கீழே கைத்தொலைபேசி இலக்கம். உரிமை என்ற இடத்தில் கணவரின் பெயர். சமர்ப்பணத்தில் தாய் தகப்பன் பெயர், பின்னட்டையில் படித்த பள்ளிக்கூடம். பிறகென்ன புனைபெயர்? தேசிய நூலகம் புத்தகத்தில் அச்சிடத் தரும் பட்டியல் தரவில் சொந்தப் பெயர் இருக்கிறதா என்றும் அச்சுக்கு முதல் பாருங்கள்.

மிச்சம் வாயால் போகும். ஹரி பொட்டர் கதைகளை எழுதிய ஜே.கே. ரோலிங் 2013 இல் ரொபேர்ட் கல்பிரெய்த் என்ற பெயரில் துப்பறியும் நாவல் போட்டு, சில மாதத்தில் பிடிபட்டார். சொன்னது வேறு யாருமில்லை, அவருடைய சட்ட நிறுவனத்துச் சட்டத்தரணி. தன் மனைவியின் சிநேகிதியிடம் சொல்லிவிட்டார், அவருக்குத் தண்டம் வெறும் 1,000 பிரித்தானியப் பவுண்.

புனைபெயர் வழக்கிலிருந்து காப்பாற்றும் என்றும் நினைக்காதீர்கள். மானநட்டத்துக்குக் குற்ற வழக்குப் போடும் சட்டத்தை 2002 இல் நீக்கிவிட்டார்கள், நட்டஈடு கேட்டு இன்றும் போடலாம். புத்தகத்தில் அச்சகத்தின் பெயர் இருக்க வேண்டும், ஆகவே முதலில் அங்கே போவார்கள், அச்சகக்காரர் உங்களைக் காட்டிக் கொடுத்துவிட்டுத் தான் தப்பப் பார்ப்பார். மாப்பிள்ளை வீட்டாரின் தொழில், வீட்டு அடையாளம், கேட்ட காணியின் பரப்பு எல்லாவற்றையும் மாற்றி எழுதுங்கள்.

கடைசியாக, வெளியீட்டு விழா. எங்கள் ஊரில் புத்தகம் விற்பதே அங்கேதான், முதற்பிரதி வாங்கும் வர்த்தகரும் காசுக் கவரோடு வரும் உறவுகளும்தான் அச்சுக்காசை மீட்டுத் தருவது. எழுதியவர் மேடையில் இல்லாத விழாவுக்குக் கவர் வராது. ஆகவே முதலில் 200, 300 பிரதி மட்டும் அடித்துக் கடைகளில் போடச் சொல்லுங்கள்.